ஓசிச் சாவியும் நம் கல்லாப்பெட்டியும்

கடலூர் லாரன்ஸ் சாலையானாலும் சிதம்பரம் மேல வீதியானாலும், இன்று மளிகைக் கடைக்காரர் வீட்டிலும் கம்ப்யூட்டர் இருக்கிறது. பகலில் பிள்ளைகளின் படிப்பு, இரவில் நமது ஜி.எஸ்.டி. கணக்கும் பாக்கிப் பட்டியலும். இரண்டும் ஒரே கம்ப்யூட்டரில்தான். அதிலுள்ள விண்டோஸ், ஆபீஸ் ஆகியவற்றை விலை கொடுத்து வாங்காமல், 'ஆக்டிவேட்டர்' என்னும் கள்ளச்சாவி போட்டுத் திறப்போரும் நம்மிடையே உண்டு.

பெரிய நிறுவனங்களின் கம்ப்யூட்டர்களுக்கு ஓரிடத்திலிருந்து அனுமதி வழங்க மைக்ரோசாப்ட் 'கே.எம்.எஸ்.' என்ற முறையை வைத்துள்ளது. கள்ளச்சாவி அந்த இடம்போல் நம் கம்ப்யூட்டருக்குள்ளேயே நடிக்கிறது. அதை ஏற்றுமுன் வைரஸ் தடுப்பை நிறுத்தச் சொல்வார்கள். காவலாளியை அனுப்பிவிட்டு, முன்பின் தெரியாதவனிடம் கடைச்சாவியைக் கொடுப்போமா?

2021 டிசம்பரில், 'கே.எம்.எஸ். பிகோ' என்ற கள்ளச்சாவியின் பெயரில் வந்த ஒன்றுக்குள் 'கிரிப்ட்பாட்' என்ற திருட்டு நிரல் ஒளிந்திருந்ததை ரெட் கேனரி என்ற பாதுகாப்பு நிறுவனம் வெளியிட்டது. பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டுகளை அது அள்ளிச் செல்லும். 'ஸ்டாப்' என்ற மற்றொன்று, கோப்புகளையெல்லாம் பூட்டிவிட்டுப் பணம் கேட்கும். 72 மணி நேரத்துக்குள் வந்தால் பாதி விலை என்று பேரமும் பேசும். கொடுத்தாலும் கணக்கு திரும்புமென்ற உறுதியில்லை. ஜி.எஸ்.டி. சட்டமோ, ஆண்டுக் கணக்கு தாக்கல் செய்யவேண்டிய கடைசி நாளிலிருந்து 72 மாதங்கள் கணக்கைப் பாதுகாக்கச் சொல்கிறது!

பதிப்புரிமைச் சட்டத்தின் 63பி பிரிவின்படி, திருட்டு நகலெனத் தெரிந்தே பயன்படுத்தினால் 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறை. அபராதம் 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை. வியாபார லாபத்துக்கல்லாமல் பயன்படுத்தியவருக்குச் சிறையைத் தவிர்க்க நீதிமன்றத்துக்கு இடமுண்டு. கடைக்கணக்கு எழுதும் நாம் அச்சலுகையை நம்பியிருக்க முடியாது.

செய்ய வேண்டியது என்ன? வசதியுள்ளோர் ரசீதுடன் அசலை வாங்குவோம். மற்றவர்க்கு லிப்ரே ஆபீஸும், சி-டாக் நிறுவனத்தின் பாஸ் லினக்ஸும் இலவசமாகவே கிடைக்கின்றன. வாரம் ஒருமுறை கணக்கைப் பென்டிரைவில் நகலெடுத்து, கழற்றித் தனியே வைப்போம். கள்ளச்சாவி ஏற்கனவே ஏறியிருந்தால், வேறு கம்ப்யூட்டரிலிருந்து வங்கிப் பாஸ்வேர்டுகளை உடனே மாற்றி, பழையதை முழுவதும் அழித்துப் புதிதாக ஏற்றுவோம். பணம் போனால் தாமதமின்றி 1930 எண்ணை அழைப்போம்.

கலப்படச் சரக்கை நம் கடையில் அனுமதிக்காத நாம், அதை நம் வீட்டுக் கம்ப்யூட்டரிலும் அனுமதிக்கலாகாது.