டிரவுட் மீனுக்கு அலைய வேண்டுமா?

இதய நோயாளிகளின் வீட்டார் எம்மிடம் அடிக்கடி கேட்பது: "டிரவுட் மீன் நல்லதாமே, எங்கே கிடைக்கும்?" கடன் பட்டேனும் வரவழைக்கத் துணியும் பிள்ளைகளையும் கண்டிருக்கிறோம்.

டிரவுட் குளிர்ந்த, தெளிந்த நீரில் வாழ்வது. ஆங்கிலேயர் தூண்டில் பொழுதுபோக்கிற்காக அதனை நீலகிரிக்குக் கொணர்ந்தனர். 1907-இல் அவலாஞ்சியில் குஞ்சு பொரிப்பகமும் அமைத்தனர். நீர் 20 பாகை செல்சியசுக்கு மேல் சூடேறினால் அம்மீன் சோர்ந்துவிடும். ஆகவே கல்வராயன் மலையடிவாரக் கோமுகி அணையில் அதைத் தேடுவது வீண். அங்கே கட்லா, ரோகு போன்ற கெண்டை இனங்களே வளரும்.

டிரவுட்டின் சிறப்பு அதன் ஒமேகா-3 கொழுப்பு. கடற்கரையிலிருந்து நம் சந்தைக்கு வரும் மத்தியிலும் கானாங்கெளுத்தியிலும் அதே கொழுப்பு நிறைந்துள்ளது. மத்தி இதில் டிரவுட்டுக்குச் சற்றும் இளைத்ததன்று. விலையோ மிகக் குறைவு. வாரம் இருமுறை குழம்பாக உண்ணலாம்; எண்ணெயில் பொரிப்பதைத் தவிர்க்க வேண்டுகிறோம். மண்சட்டிக் குழம்பின் சுவைக்கு டிரவுட் ஈடாகுமா என்பதும் எமக்கு ஐயமே!

கருவாடு வேறு செய்தி. அதன் உப்பு இரத்த அழுத்தத்தை உயர்த்தும். சிறுநீரக நோயுள்ளோர் எம்மீனாயினும் அளவை மருத்துவரிடம் கேட்டறிந்த பின்னரே உண்க.