சிகரத்தில் ஓடிய படச்சுருள்

எவரெஸ்ட் சிகரத்தை நோக்கி ஒருவர் தள்ளாடித் தள்ளாடி ஏறிவரும் காட்சியைத் திரையில் கண்டு மெய்சிலிர்க்கும் நாம், அக்காட்சியைப் படம்பிடித்தவர் அவருக்கு முன்னதாகவே அவ்விடத்தை அடைந்து, பனியில் காலூன்றி, கருவியைச் சித்தம் செய்து காத்திருக்க வேண்டியிருந்தது என்பதை நினைத்துப் பார்ப்பதில்லை. கடல்மட்டத்தில் கிடைக்கும் பிராணவாயுவில் மூன்றிலொரு பங்கே கிட்டும் அந்த உயரத்தில், உயிரைக் காத்துக்கொள்வதே பெரும் பிரயத்தனமாயிருக்க, ஒளியையும் கோணத்தையும் பற்றிச் சிந்திக்கும் தெளிவை இழவாதிருந்தவர்களுள் தலையாயவராக நான் கருதுவது அமெரிக்கரான டேவிட் பிரஷியர்ஸையே. 1955-ல் பிறந்து, இளமையிலேயே பாறையேற்றத்தில் பெயர்பெற்ற அவர், 1983-ல் எவரெஸ்ட் உச்சியிலிருந்து முதன்முதலாக நேரடித் தொலைக்காட்சிக் காட்சிகளை அனுப்பியவர்.

1996-ல் எவரெஸ்டைத் திரைப்படமாக்க அவர் மேற்கொண்ட காரியம் அதனினும் கடினமானது. பல மாடி உயரமுள்ள திரைக்கென அமைந்த ஐமாக்ஸ் காமிரா மலைமேல் கொண்டுசெல்ல இயலாத பளுவுடையதாகையால், எடை குறைத்து விசேஷமாக ஒன்றைச் செய்வித்தார்கள். அப்படியும் அது ஏறத்தாழ 42 பவுண்டு இருந்தது. அதில் பொருத்தும் 500 அடிச் சுருளோ ஒன்றரை நிமிஷத்தில் ஓடித் தீர்ந்துவிடும். உள்ளே ஒரு ரோமம் சிக்கினாலும் அது திரையில் கயிறுபோல் தெரியுமென்பதால், கையுறையைக் கழற்றிவிட்டு, உறையும் குளிரில் வெறும் விரல்களாலேயே புதிய சுருளை மாட்டினார். அந்தப் பாரத்தையெல்லாம் மேலே சுமந்து சென்றவர்கள் ஷெர்ப்பாக்கள். அவர்களன்றி அந்தப் படம் இல்லை.

மே 10-ஆம் தேதி மூண்ட கடும்புயலில், மலையின் இரு பக்கங்களிலுமாக, இந்தியர் மூவர் உட்பட எட்டுப் பேர் மாண்டனர். சுமார் 26,000 அடி உயரத்திலுள்ள தெற்குக் கணவாயில், தம் படப்பிடிப்புக்கென்று அரும்பாடுபட்டுச் சேர்த்துவைத்திருந்த பிராணவாயுக் குப்பிகளைப் பிறருக்குக் கொடுத்துவிட்டால் அவ்வாண்டு முயற்சியே நின்றுபோகக்கூடும் என்று தெரிந்திருந்தும், ஆபத்தில் சிக்கியவர்கள் அவற்றை எடுத்துக்கொள்ளட்டும் என்று ரேடியோ வழியே சற்றும் தயங்காமல் அனுமதியளித்த பிரஷியர்ஸ், படப்பிடிப்பை நிறுத்திவிட்டுத் தம் தோழர்களுடன் மேலேறிச் சென்று, பனிக்கடியால் கைகள் பயனற்றுப்போன மலையேறி பெக் வெதர்ஸைக் கீழே இறக்கிக் கொணர உதவினார். அவர் எடுத்த எந்தக் காட்சியைவிடவும் அவர் எடுக்காமல் விட்ட அந்த நாட்களே அவரை என் மதிப்பில் உயர்த்துகின்றன.

பிறகு, அதே வழியில், இறந்த நண்பர்களின் சடலங்களைக் கடந்து, மே 23-ஆம் தேதி அவர் குழு உச்சியை எட்டியது. டென்சிங் நார்கேயின் புதல்வர் ஜாம்லிங் தம் தந்தை நின்ற ஸ்தானத்தில் நின்றார். ‘எவரெஸ்ட்’ என்ற அப்படம் 1998-ல் வெளிவந்தது.

புகழ் வந்தபின் அவர் கவனம் பனியாறுகளின்பால் திரும்பியது. 1921-ல் மலையேறி மல்லரி எடுத்த, எவரெஸ்டின் ரோங்பக் பனியாற்றின் புகைப்படத்தைக் கையிலேந்திச் சென்று, மல்லரி நின்ற இடத்தையே தேடிக் கண்டு, அதே கோணத்தில் மீண்டும் படமெடுத்தபோது, பனியின் மட்டம் 300 அடிக்கும் மேலாகத் தாழ்ந்திருந்தது புலனாயிற்று. இத்தகைய ஒப்புமைப் படங்களுக்காகவே 2007-ல் ‘கிளேசியர்வொர்க்ஸ்’ என்னும் ஸ்தாபனத்தை நிறுவிய அவர், 2024 மார்ச்சில், தமது 68-ஆம் வயதில் காலமானார்.