நாளை வந்து நேற்றைத் தொடுமா?

புணே நகரில் குடியேறிய தமிழர்களாகிய நாம், இவ்வூராரிடம் அடிக்கடி கேட்கும் பேச்சு ஒன்று உண்டு. 1761-ஆம் ஆண்டு ஜனவரி 14-ஆம் நாள் பானிப்பட்டுப் போர்க்களத்தில் இளைஞர் விசுவாசராவ் குண்டுபட்டு வீழாதிருந்தால் என்னவாகியிருக்கும் என்பதே அது. நமக்கும் அத்தகைய ஏக்கங்கள் உண்டு. தாயாருக்கு உடல்நலமில்லை என்று ஊரிலிருந்து செய்தி வந்த அன்றே நாம் ரயில் ஏறினோமில்லை. கையிலிருந்த மொழிபெயர்ப்பை முடித்துவிட்டு மறுநாள் புறப்பட்டோம். சென்று சேர்ந்தபோது யாவும் முடிந்திருந்தது.

நடந்து முடிந்ததைத் திருத்த வழியுண்டா? இது துயருற்றோர் மட்டும் கேட்கும் கேள்வியன்று. பௌதிக விஞ்ஞானிகளும் இதனைக் கணக்கிட்டுப் பார்த்துள்ளனர். அவர்களுள் ஒருவர் இதே புணேயில் நம்மிடையே வாழ்ந்தவர். 1938-ல் கோலாப்பூரில் பிறந்து, கேம்பிரிட்ஜில் பிரெட் ஹாயிலிடம் பயின்று, 1988-ல் புணேயில் தோன்றிய பல்கலைக்கழகங்களுக்கிடையேயான வானியல் மையத்தின் முதல் இயக்குநராய் விளங்கி, 2025 மே மாதம் மறைந்த ஜயந்த் நார்லிகரே அவர்.

அவர் ஈடுபட்ட ஆராய்ச்சியின் வேரைச் சற்றுக் காண்போம். மின்காந்த அலைகளைப் பற்றி மாக்ஸ்வெல் வகுத்த சமன்பாடுகளுக்கு இரு விடைகள் உண்டு. விளக்கை ஏற்றிய பின் ஒளி நம்மை வந்தடைவது ஒன்று. ஏற்றுவதற்கு முன்பே வந்தடைவது மற்றொன்று! இயற்கையில் காணப்படாதது என்று கூறி இரண்டாவதைத் தள்ளிவிடுவதே வழக்கம். 1945-ல் அமெரிக்க விஞ்ஞானிகளான வீலரும் ஃபைன்மனும் அதனைத் தள்ளாமல் வைத்துக்கொண்டு கணக்கிட்டனர். ஒவ்வொரு மின்துகளும் பாதி அலையை எதிர்காலத்துக்கும் பாதி அலையை இறந்தகாலத்துக்கும் அனுப்புவதாகக் கொண்டனர். எதிர்காலத்தில் அவ்வலையை உறிஞ்சும் பொருள்கள் யாவும் காலத்தில் பின்னோக்கி மறுமொழி அலைகளை அனுப்பும். இவை ஒன்றுசேரும்போது முன்கூட்டி வரும் அலை அடியோடு நீங்கி, நாம் அறிந்த ஒளி மட்டுமே எஞ்சும்.

இது நிறைவேறப் பேரண்டம் தன் எதிர்காலத்தில் ஒளி முழுவதையும் உறிஞ்சவல்லதாய் இருத்தல் வேண்டும். அத்தகைய பேரண்டம் எது என்பதை ஹாயிலும் நார்லிகரும் 1960-களின் தொடக்கத்தில் ஆராய்ந்தனர். என்றும் ஒரே நிலையில் விளங்கும் பேரண்டத்தில் அது கைகூடும் என்று காட்டினர். 1965-ல் வான்வெளியெங்கும் பரவியுள்ள நுண்ணலைக் கதிர்வீச்சு கண்டறியப்பட்டபின், மாறாநிலைக் கொள்கையைப் பெரும்பாலோர் கைவிட்டனர். நார்லிகரோ பெருவெடிப்புக் கொள்கையை இறுதிவரை ஐயுற்றே வந்தார்.

எதிர்காலம் இறந்தகாலத்தைத் தொடுமென்று ஒப்புக்கொண்டால் முரண் விளையாதா? இதற்கு வீலரும் ஃபைன்மனும் 1949-ல் வேண்டுமென்றே ஒரு முரணைக் கற்பனையில் அமைத்துப் பார்த்தனர். மாலையில் ஒரு குண்டு ஒரு மின்துகளைத் தாக்குகிறது. அதனால் எழும் முன்கூட்டிய அலை, தொலைவிலுள்ள மற்றொரு துகளின் வழியாகத் திரும்பி, முதல் துகளை அன்று காலையிலேயே அசைக்கிறது. அவ்வசைவு ஒரு மறைப்பை நகர்த்திக் குண்டின் வழியை மூடுகிறது. எனின், குண்டு தாக்கினால் தாக்காது, தாக்காவிட்டால் தாக்கும்!

இவ்வளவில் திகைத்து நிற்க வேண்டுவதில்லை. நம் வீட்டு மாடித் தண்ணீர்த் தொட்டியை எண்ணிப் பாருங்கள். நீர் ஏறினால் மிதவை உயர்ந்து குழாயை மூடும். மூடினால் நீர் இறங்கும். இறங்கினால் குழாய் திறக்கும். சொல்லளவில் இது முடிவில்லாத பூசலாகத் தோன்றுகிறது. ஆனால் கீழே நீரைச் சீராகத் திறந்துவிட்டால், செலவுக்கு ஈடாக நீர் வருமளவுக்குக் குழாய் அரைகுறையாகத் திறந்தபடி நின்றுவிடுகிறது. விஞ்ஞானிகள் கண்ட விடையும் இதுவே. மறைப்பு பாதி மட்டுமே மூடுகிறது. குண்டு அதன் விளிம்பில் உரசித் துகளை இலேசாகத் தாக்குகிறது. அந்த இலேசான தாக்குதலே, காலையில் மறைப்பைப் பாதி மட்டும் மூடுவதற்குப் போதுமானதாய் அமைகிறது. வளையம் தன்னோடு தானே பொருந்தி நிலைபெறுகிறது. 1991-ல் கிப் தார்னும் அவருடன் ஆராய்ந்தோரும், காலத்தில் பின்சென்று தன்னையே மோதும் பில்லியர்ட்ஸ் பந்தைக் கணக்கிட்டபோதும் இத்தகைய உரசல் விடைகளே கிடைத்தன. இவையனைத்தும் ஏட்டுக் கணக்குகளே. இறந்தகாலத்துக்குச் செய்தி அனுப்பியவர் எவருமிலர்.

மொழிபெயர்ப்புத் தொழிலில் உள்ள நமக்கு இங்கே ஒரு சொல் தெளிவாகிறது. 'பாரடாக்ஸ்' என்பதை 'முரண்பாடு' என்று எழுதியே பழகிவிட்டோம். 'முரண்தோற்றம்' என்பதே பொருந்தும் போலும். முரண் நம் பேச்சில் இருந்தது, கணக்கில் இல்லை.

நார்லிகர் மராத்தியில் அறிவியல் கதைகளும் எழுதியவர். அவற்றுள் ஒன்றில், கங்காதர பந்து என்னும் புணே வரலாற்றுப் பேராசிரியர், பானிப்பட்டில் மராத்தியர் வென்ற வேறோர் உலகைக் கண்டு மீள்கிறார். மீண்டபின் அவரது உலகில் பானிப்பட்டு பானிப்பட்டாகவே இருக்கிறது. வேறோர் உலகைக் காணலாம், நம் உலகில் நடந்ததை அழிக்கலாகாது என்பதே அக்கதை நமக்கு உணர்த்துவது.

நாம் தவறவிட்ட அந்த ஒரு நாளை எந்தச் சமன்பாடும் மீட்டுத் தரப் போவதில்லை. நாம் பின்சென்று தலையிட்டிருந்தாலும், அத்தலையீடும் நடந்தவற்றுள் ஒன்றாகவே அடங்கியிருக்கும். இன்னும் நடவாதது மட்டுமே நம் கையில் உள்ளது. ஆகவே அன்பர்களே, ஊரிலிருந்து அடுத்த அழைப்பு வரும்போது, கையிலுள்ள தாளை அப்படியே வைத்துவிட்டு அன்றே ரயில் ஏறுவோமாக.