காலமறிந்து பூக்கும் நம் நாட்டுச் செடிகள்

சென்னைக் கடற்கரையில் கலங்கரை விளக்கத்தை அடுத்து மீனவர் வாழும் ஊர் நொச்சிக்குப்பம். ஒரு செடியின் பெயரைத் தாங்கி நிற்கும் ஊர் அது. கோட்டையைக் காக்கும் வீரர் நொச்சிப் பூவைச் சூடினர் என்று புறப்பொருள் வெண்பாமாலை கூறும். காவலுக்கு அடையாளமான அச்செடியும் அதன் இனிய தோழர்களும் இன்று நம் முற்றங்களில் அருகி வருகின்றன. பூச்செடி என்றதும் பணம் கொடுத்து வாங்கும் அயல்நாட்டுச் செடிகளையே நம்மிற் பலர் எண்ணுகின்றனர். அவற்றிற்கு நாள்தோறும் நீர் வேண்டும். நம் மண்ணின் பல்லாண்டுச் செடிகளோ, ஒருமுறை வேரூன்றிவிட்டால் ஆண்டுதோறும் தாமே தழைப்பவை. அவற்றின் காலத்தை அறிந்து நடுவது ஒன்றே நாம் செய்யவேண்டுவது.

சென்னையின் ஆண்டு மழையிற் பாதிக்கு மேற்பட்டது ஐப்பசி முதல் மார்கழி வரையில் பெய்கிறது. ஆகையால் இப்பகுதியில் நடவு வேலையை வடகிழக்குப் பருவமழையை ஒட்டியே அமைத்துக்கொள்ள வேண்டும்.

முதலில் கடற்கரை மணலுக்கு உரிய அடும்பு. ஆட்டின் குளம்பு போன்று பிளந்த இலையும், ஊதா கலந்த செந்நிறப் பூவும் உடைய படர்கொடி இது. ஏறக்குறைய ஆண்டு முழுவதும் பூக்குமெனினும் மழைக்குப்பின் பூ மிகுதி. காலையில் விரியும் பூ அன்றே வாடிவிடும். கணுத்தோறும் வேர்விட்டு மணலைப் பிணிப்பதால், காற்று மணலை அடித்துச் செல்லாமல் இக்கொடி தடுக்கிறது. மூன்று நான்கு கணுக்கள் உள்ள தண்டை வெட்டி, இரு கணுக்கள் மண்ணில் மறையும்படி மழைத் தொடக்கத்தில் புதைத்தாற் போதும். விதையானால் தோல் மிகக் கடினம். கல்லில் சிறிது தேய்த்து ஓரிரவு நீரில் ஊறவைத்து விதைக்க வேண்டும். படகு ஏற்றும் இடத்தையும் வலை உலர்த்தும் இடத்தையும் விட்டு, மேட்டு மணலிலேயே இதனை வளர்ப்பது முறை. பொது இடமாயின் மாநகராட்சியின் அனுமதி தேவை. 2004 டிசம்பர் 26-ஆம் நாள் ஆழிப்பேரலையைக் கண்ட கரை இது. அத்தகைய அலையைக் கொடி தடுத்து நிறுத்தாது. எனினும் கரையின் மணல்மேட்டை நாள்தோறும் காத்து நிற்பது இதுபோன்ற கொடியே.

அடுத்தது நொச்சி. இளநீலப் பூக்கள் கொத்துக் கொத்தாக மழைக்காலத்தில் மலரும். சாண் அளவுள்ள முற்றிய குச்சியை ஈர மண்ணில் ஊன்றினால் துளிர்க்கும். ஆடு இதனை விரும்பி மேய்வதில்லையாதலால் வேலிக்கு ஏற்றது. இலையை நிழலில் உலர்த்தித் தானியக் குதிரில் இட்டுப் பூச்சியைத் தடுப்பது நம் உழவர் கண்ட வழக்கம். மெல்லிய கிளைகள் கூடை முடையவும் உதவும்.

வேலியிற் படரவிடத் தக்கது செங்காந்தள். தமிழ்நாட்டின் மாநில மலர் இதுவே. பச்சை கலந்து அரும்பி, மஞ்சளாய் விரிந்து, செந்தழல் நிறமாய் முதிரும் இப்பூ புரட்டாசி முதல் கார்த்திகை வரை பூக்கும். கலப்பை வடிவக் கிழங்கை ஆனி, ஆடி மாதங்களில், நீர் தேங்காத மண்ணில், ஒன்றரை அடி இடைவெளி விட்டு நடுக. கிழங்கின் நுனியிலுள்ள முளை ஒடிந்தால் கொடி எழாது. கோடையில் கொடி காய்ந்துபோகும். கிழங்கு மண்ணுள் உறங்கும். அது பட்டுவிட்டதென்று தோண்டி எறிதல் கூடாது.

தாராபுரம், மூலனூர், ஒட்டன்சத்திரம், வேதாரணியம் பகுதிகளில் கண்வலிக்கிழங்கு என்னும் பெயரால் இதனை விதைக்காகப் பயிரிடுகின்றனர். கீல்வாத மருந்தான கோல்ச்சிசின் இவ்விதையிலிருந்து எடுக்கப்படுகிறது. பூவின் சூல்தண்டு ஒருபுறம் மடங்கியிருப்பதால் உழவர் காலையில் கையாலேயே மகரந்தம் சேர்க்கின்றனர். ஆனால் எச்சரிக்கை ஒன்று உண்டு: செடி முழுதும் கொடிய நஞ்சு, கிழங்கை உண்டவர் உயிர் துறந்ததுண்டு. குழந்தைகளும் கால்நடைகளும் நெருங்காத இடத்திலேயே நடவேண்டும். காட்டுக் கிழங்கைத் தோண்டாமல், பயிரிடுவோரிடமே வாங்குதல் நன்று.

நெசவாளர் மறக்கலாகாத செடி இம்பூறல் என்னும் சாயவேர். மணற்பாங்கில் வெண்ணிறச் சிறுபூக்களுடன் தாழ்ந்து வளர்வது. சோழமண்டலக் கரைத் துணிகளுக்குச் செந்நிறம் ஈந்த வேர் இதுவே. செயற்கைச் சாயம் கண்டுபிடிக்கப்பட்ட பின்னர் இதன் மதிப்பு குன்றியது. இயற்கைச் சாயத் துணியை நாடுவோர் உள்ள இந்நாளில் இதனைச் சிற்றளவில் பயிரிட்டுப் பார்ப்பது தகும்.

இவ்வேலைகளைத் தனியொருவர் செய்வதினும் சங்கம் செய்வது எளிது. ஒவ்வொரு சங்கமும் ஒரு சிறு நாற்றங்காலில் நொச்சிக் குச்சியும், அடும்பின் விதையும், காந்தட் கிழங்கும் சேமித்துவைத்து, ஆனியிலும் ஐப்பசியிலும் அங்கத்தினர்க்குப் பகிர்ந்தளிக்கலாம். பெற்றவர் மறு ஆண்டு அதே அளவைத் திருப்பித் தந்தால் நாற்றங்கால் குறைவின்றி நிற்கும். கடனும் வட்டியும் இன்றி வளரும் முதல் இதுவன்றோ!