பாம்பனைத் தாண்ட எத்தனை கிலோ புகை?

ராமேஸ்வரம் போகிறவர்கள் தவறாமல் செய்யும் வேலை ஒன்று உண்டு. சாலைப் பாலத்தில் காரை மெதுவாக்கி, பக்கத்தில் கடலுக்கு மேலே போகும் ரயிலை ரீல்ஸ் எடுப்பது. நானும் எடுத்திருக்கேன். வீட்டுக்கு வந்து பார்த்தபோதுதான் உறைத்தது. வீடியோவில் இருப்பவர்கள் ரயிலில் போறாங்க, அதை ரசித்துப் படம் பிடிச்ச நான் காரில் போறேன். போவது அதே தீவுக்குத்தான். சரி, யார் எவ்வளவு புகை விடுறோம்னு ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போமே?

ஒரு லிட்டர் டீசல் எரிந்தால் சுமார் 2.7 கிலோ கார்பன் டை ஆக்ஸைடு வெளியே வரும். 'ஒரு லிட்டர் டீசலே ஒரு கிலோ எடை தேறாதே, புகை மட்டும் எப்படி 2.7 கிலோ?'னு கேட்கலாம். டீசலில் இருக்கும் கார்பன், காற்றில் இருக்கும் ஆக்சிஜனையும் சேர்த்து இழுத்துக்கொள்வதால்தான் அந்தக் கூடுதல் எடை.

மதுரையிலிருந்து ராமேஸ்வரம் ஏறக்குறைய 170 கி.மீ. லிட்டருக்கு 15 கி.மீ. ஓடும் டீசல் கார் என்றால் 11 லிட்டருக்கு மேல் குடிக்கும். போவதற்கு மட்டும் சுமார் 30 கிலோ புகை. நாலு பேர் போனால் தலைக்கு ஏழரை கிலோ. தனியாகப் போனால் மொத்தமும் உங்கள் கணக்கில்தான். அதே தூரத்துக்கு லிட்டருக்கு 5 கி.மீ. ஓடும் பஸ், 50 பேரை ஏற்றிக்கொண்டால் தலைக்கு 2 கிலோகூட வராது. கறுப்பாகப் புகை கக்குதேனு நாம் மூக்கைப் பொத்திக்கொள்ளும் அதே பஸ்தான்!

ரயில் இன்னும் சிக்கனம். தார் ரோட்டில் ரப்பர் டயர் அமுங்கி அமுங்கி உருளும்போது நிறைய சக்தி வீணாகும். இரும்புத் தண்டவாளத்தில் இரும்புச் சக்கரம் அப்படி அமுங்காது. அதனால்தான் ஒரே இன்ஜின் இத்தனை பெட்டிகளை இழுத்துக்கொண்டு போக முடிகிறது.

இதை ராமேஸ்வரம்காரர்களிடம் விளக்க வேண்டியதே இல்லை. 1914-ல் திறந்த பழைய பாம்பன் பாலத்தில் 2022 டிசம்பரில் ரயில் நின்றது. புதுப் பாலம் 2025 ஏப்ரல் 6-ம் தேதி திறக்கும்வரை, இரண்டு வருஷத்துக்கும் மேலாகத் தீவுக்கு ரயிலே இல்லை. ரயிலில் வந்தவர்கள் கரையிலேயே இறங்கி, பஸ்ஸோ காரோ பிடித்துத்தான் கடலைத் தாண்டினார்கள். ஒரு ரயில் நின்றால் அந்தக் கூட்டம் காணாமல் போவதில்லை, அப்படியே ரோட்டுக்கு வந்துவிடுகிறது.

புதுப் பாலம் 2 கி.மீ.க்குக் கொஞ்சம் அதிகம். நடுவில் 72.5 மீட்டர் நீளமுள்ள பகுதி கப்பலுக்கு வழிவிட 17 மீட்டர் உயரம் அப்படியே மேலே எழும்பும். அவ்வளவு இரும்பையும் தூக்க ராட்சத மோட்டார் வேண்டுமே என்று நினைக்கலாம். தேவையில்லை. இரண்டு பக்கக் கோபுரங்களிலும் ஈடான எடையைக் கட்டித் தொங்கவிட்டிருக்கிறார்கள். தராசு மாதிரி ஒன்று இறங்க, மற்றது ஏறும். உராய்வையும் காற்றையும் சமாளித்தால் போதும். (பழைய பாலத்தை ஆட்கள் கையால் சுற்றித்தான் திறந்தார்கள். அதில் டீசலும் இல்லை, கரன்ட்டும் இல்லை!)

ஆனால், திறந்த அன்று இந்த நவீனப் பாலத்தின் மேல் ரயிலை இழுத்துப் போனது டீசல் இன்ஜின்தான். மின்சார ரயிலுக்கு ஏற்றபடிதான் பாலத்தை வடிவமைத்தார்கள். ஆனால், தூக்குப் பகுதி மேலே போகும்போது அதன் மேலுள்ள மின்கம்பியும் கூடவே பிரிந்து போகணும், இறங்கியதும் பிசகாமல் சேரணும். மற்ற இடங்களைப்போல நீளமாகக் கம்பியை இழுத்துக் கட்டிவிட முடியாது.

கம்பி போட்டுவிட்டால் மட்டும் புகை பூஜ்யமா? பூஜ்யம் இல்லை. நம் நாட்டு மின்சாரத்தில் பெரும்பங்கு இன்னமும் நிலக்கரியிலிருந்துதான் வருகிறது. புகை இன்ஜினிலிருந்து அனல்மின் நிலையச் சிம்னிக்கு இடம் மாறும், அவ்வளவுதான். ஆனால், அந்த மின்சாரத்தை மாற்ற வழி இருக்கிறது. இதே ராமநாதபுரம் மாவட்டத்தில், கமுதியில் 2016 முதல் 648 மெகாவாட் சூரிய மின் நிலையம் ஓடுகிறது. சிக்கல் என்னன்னா, ராத்திரி ரயிலுக்குப் பகல் வெயில் உதவாது. சேமித்து வைக்கிற பேட்டரி, ராத்திரியும் சுற்றுகிற காற்றாலை என்று கூட்டணி வேண்டும். டீசல் இன்ஜினுக்கு இந்த வாய்ப்பே கிடையாது. என்ன செய்தாலும் அது டீசலைத்தான் குடிக்கும்.

'ஏழு கிலோ புகையில என்ன ஆகிடப்போகுது?' என்றால், பாலத்துக்குக் கீழே பாருங்க. ஒரு பக்கம் பாக் விரிகுடா, இன்னொரு பக்கம் மன்னார் வளைகுடா. மண்டபத்திலிருந்து தூத்துக்குடி வரை 21 தீவுகள், அவற்றைச் சுற்றிப் பவளப் பாறைகள். கடல் நீர் அளவுக்கு மீறிச் சூடானால் பவளம் வெளிறிவிடும். 2016-ல் இங்கே அது நடந்தது. சூடு நீடித்தால் பவளம் செத்துப்போகும். அதை நம்பியிருக்கும் மீனும் போகும், வலை வீசுபவர் பிழைப்பும் போகும்.

அடுத்த தடவை மதுரையிலிருந்து ரயிலில்தான் போகப்போறேன். ஸ்டேஷனிலிருந்து கோயிலுக்கு ஷேர் ஆட்டோ, தனுஷ்கோடிக்கு பஸ். ரீல்ஸ் எடுக்க ஜன்னல் சீட் கிடைக்கணும், அது ஒண்ணுதான் கவலை.