லோயர் கேம்ப்புக்கு அப்பாலுள்ள ஆற்றுத் துறைமுகம்

தேனி மாவட்டத்து லோயர் கேம்ப்பிலிருந்து மலையேறி, குமுளியைத் தாண்டி, குட்டிக்கானம், முண்டக்கயம் வழியாக இறங்கினால் கோட்டயம். குமுளியிலிருந்து சுமார் 110 கி.மீ. அந்த நகரின் நாட்டகம் பகுதியில், கொடூர் ஆற்றங்கரையில் கோட்டயம் துறைமுகம் இருக்கிறது. கண்ணுக்கெட்டிய தூரத்தில் கடல் கிடையாது. 2009-இல் உருவான இந்த முனையத்தில் கேரள அரசின் கின்ஃப்ரா நிறுவனமும் பங்குதாரர். சாலையோடு நீர்வழியையும் சேர்த்துக் கன்டெய்னர்களைக் கையாளும் நோக்கத்துடன் நாட்டில் அமைந்த முதல் உள்நாட்டு முனையம் என்று இதைக் குறிப்பிடுகிறார்கள். லோயர் கேம்ப் வழியாகச் செல்லும் கொல்லம்–தேனி நெடுஞ்சாலைதான் கோட்டயத்தையும் தொடுகிறது.

மலைக்கு இந்தப் பக்கம் இப்படி ஒரு துறை அமைய வழியில்லை. மலைமேல் தேக்கடி ஏரியில் படகு ஓடுகிறது. ஆனால் அது சுற்றுலாப் படகு. 1895-இல் திறக்கப்பட்ட முல்லைப் பெரியாறு அணை தேக்கிய நீர் அது. அணைக்குக் கீழே ஆறு மலைச்சரிவில் பாய்ந்து இடுக்கி நீர்த்தேக்கத்துக்குள் போய்விடுகிறது. கிழக்கே திருப்பப்படும் நீர் சுரங்கத்தில் புகுந்து, ராட்சதக் குழாய்களில் இறங்கி, லோயர் கேம்ப் மின்நிலையத்தின் டர்பைன்களைச் சுழற்றிவிட்டு, கம்பம் பள்ளத்தாக்கின் வயல்களுக்கும் வைகை அணைக்கும் போகிறது. அந்த உயர வித்தியாசம் மின்சாரத்துக்கு வரம், படகுக்குத் தடை. தவிர, பாசன முறைப்படி திறந்து அடைக்கப்படும் ஆற்றை நம்பி யாரும் சரக்கு ஏற்ற மாட்டார்கள்.

மேற்குச் சரிவின் கதை வேறு. மலையில் விளைந்த மிளகு ஆற்றோடு இறங்கிக் கடலோர முசிறியில் யவனக் கப்பல் ஏறியதைச் சங்க இலக்கியம் சொல்கிறது. பின்னாளில் கோட்டயத்தின் தாழத்தங்காடிச் சந்தையிலிருந்து மலைச்சரக்கு கெட்டுவள்ளம் எனும் சரக்குப் படகுகளில் ஆலப்புழைக்கும் கொச்சிக்கும் போனது. லாரி வந்த பிறகு வள்ளங்கள் ஒதுங்கின; அவற்றின் வடிவம் இப்போது சுற்றுலாப் படகுவீடாக மிதக்கிறது.

கரையில் ஒரு மேடை கட்டிவிட்டால் ஆற்றுத் துறைமுகம் ஆகிவிடாது. முதல் தேவை, ஆண்டு முழுக்கக் குறையாத ஆழம். கொல்லத்தையும் கோட்டப்புறத்தையும் இணைத்து 1993-இல் அறிவிக்கப்பட்ட மூன்றாம் தேசிய நீர்வழியில் 2 மீட்டர் ஆழம் குறி. வண்டல் படியப் படியத் தூர்வார வேண்டும். இரண்டு பருவமழை பார்க்கும் கேரளத்தில் இந்த வேலை முடிவதே இல்லை. அடுத்தது பாலம். சாதாரணக் கன்டெய்னரின் உயரம் எட்டரை அடி. அதை ஏற்றிய பார்ஜ், பெருக்கு நேரத்திலும் பாலத்துக்கு அடியில் இடிக்காமல் நுழைய வேண்டும். கோட்டயத்துக் கால்வாய்களில் பயணப் படகுக்கே தூக்குப் பாலம் வைக்க வேண்டியிருந்தது என்பதிலிருந்து சிக்கல் புரியும்.

இவற்றுக்குப் பிறகுதான் படகணையும் துறை, கிரேன், கன்டெய்னர் அடுக்கும் கெட்டித்தளம், எடைமேடை, கிடங்கு. இவை எல்லாவற்றையும்விட ஏற்றுமதியாளருக்குப் பயன்படுவது சுங்கத்துறை அலுவலகம். சோதனையும் முத்திரையும் உள்ளூரிலேயே முடிந்துவிட்டால் கொச்சியில் போய் வரிசையில் நிற்க வேண்டாம். படகு ஓடாத நாளிலும் இந்த ஒரு வசதிக்காகவே இத்தகைய முனையம் தேவைப்படுகிறது.

கோட்டயத்திலிருந்து கொச்சிக்கு நீர்வழி வேம்பநாட்டுக் காயல் ஊடாகச் செல்கிறது. குறுக்கே தண்ணீர்முக்கம் தடுப்பணை. குட்டநாட்டு நெல்வயலுக்குள் உப்புநீர் ஏறாதிருக்க 1970-களில் முடிக்கப்பட்டது; கோடையில் மதகுகளை அடைப்பார்கள், படகு போக லாக் உண்டு. அதைக் கடந்து வடக்கே போனால் கொச்சி, அங்கே 2011-இல் திறந்த வல்லார்பாடம் கன்டெய்னர் முனையம். ஆலப்புழை–கோட்டயம்–அதிரம்புழை கால்வாயும் 2016-ஆம் ஆண்டுச் சட்டத்தில் ஒன்பதாம் தேசிய நீர்வழி ஆனது. அந்தச் சட்டம் நாட்டின் நீர்வழிகளை 111 ஆக்கியது. அவற்றில் பல இன்னும் பட்டியலில் மட்டுமே ஓடுகின்றன.

நீர்வழிக்கு ஆதரவாக வழக்கமாகச் சொல்லும் கணக்கு இது: ஒரு குதிரைத்திறன் சாலையில் 150 கிலோ, ரயிலில் 500 கிலோ, நீரில் 4,000 கிலோ இழுக்கும். கணக்கு சரி. ஆனால் லாரியில் வந்ததை இறக்கி, பார்ஜில் ஏற்றி, மறுபடி இறக்கும் கூலி இதில் வராது. குறுகிய தூரத்தில் அந்தக் கூலியே எரிபொருள் மிச்சத்தைத் தின்றுவிடும். திரும்பும் பார்ஜ் காலியாக வந்தால் நட்டம் உறுதி. 2018 நவம்பரில் வாராணசி ராம்நகர் முனையம் திறந்தபோது கொல்கத்தாவிலிருந்து கன்டெய்னர் கப்பல் கங்கையில் வந்து சேர்ந்தது. அங்கே தூரம் நூற்றுக்கணக்கான கிலோமீட்டர். கோட்டயம்–கொச்சி நூறு கிலோமீட்டருக்குள் அடங்கும்.

ஆகவே கம்பம் பள்ளத்தாக்குக்கு இதில் என்ன பயன் என்றால், அது சரக்கைப் பொறுத்தது. பன்னீர் திராட்சை காத்திருக்காது. போடி ஏலத்தில் விற்கும் ஏலக்காய் எடை குறைவு, விலை அதிகம். லாரி வாடகை அதற்கு ஒரு பொருட்டல்ல. உரம், மரம், ஓடு, சிமென்ட் போன்ற கனமான, அவசரமில்லாத சரக்குக்குத்தான் ஆற்றுத் துறைமுகம் ஏற்றது. குமுளி மலைப்பாதையில் அத்தகைய சுமை ஏறி இறங்க ஆகும் டீசலையும் சேர்த்துப் பார்த்தால், இப்பகுதி வியாபாரிக்குத் தூத்துக்குடியே இன்னும் லாபம்.