வெப்பப் பம்பியும் மஞ்சட் சீட்டும்

குளிரேற்றியின் பின்புறத்தைத் தொட்டுப் பார்த்த நேயர்கள் அது சூடாயிருப்பதை அறிவார்கள். உள்ளேயுள்ள உணவிலிருந்து கவர்ந்த வெப்பத்தையே அது வெளியே விடுகின்றது. இவ்வமைப்பைப் பெரிதாக்கி, வெளிக்காற்றின் வெப்பத்தைக் கவர்ந்து வீட்டினுள் விடச் செய்தால் அதுவே வெப்பப் பம்பி. குளிர்காற்றில் வெப்பம் ஏது என்று கேட்கலாம். உறைபனிக் காற்றிலும் வெப்பம் உண்டு. அதனினும் குளிர்ந்த திரவம் குழாயில் ஓடினால் அவ்வெப்பம் அதனுட் புகும். 1938ஆம் ஆண்டிலேயே சுவிற்சர்லாந்தின் சூரிச் நகர மண்டபத்தில், லிம்மற் ஆற்று நீரிலிருந்து வெப்பம் கவரும் பம்பியொன்று அமைக்கப்பட்டது.

சாதாரண மின்கணப்பு ஓர் அலகு மின்சாரத்துக்கு ஓர் அலகு வெப்பமே தரும். பம்பியோ வெப்பத்தை உண்டாக்குவதில்லை, சுமந்து வருகின்றது. ஆதலால் இரண்டு மூன்று அலகுகள் கிடைக்கின்றன. எத்தனை அலகு என்பதே கேள்வி.

ஐக்கிய அமெரிக்காவில் இதற்கென மஞ்சள் நிறச் சீட்டொன்று உண்டு. அதில் 'எச்.எஸ்.பி.எவ். 2' என்ற எழுத்துக்களுடன் ஓர் எண் இருக்கும். ஒரு குளிர்காலம் முழுவதும் கிடைக்கும் வெப்பத்தை, செலவாகும் மின்சாரத்தால் வகுத்த ஈவு அது. வெளியே ஒரு பகுதியும் உள்ளே ஒரு பகுதியுமாக அமையும் பம்பிகளுக்கு 2023 சனவரி முதல் விதிக்கப்பட்ட ஆகக்குறைந்த எண் 7.5. ஏழரை மடங்கு வெப்பம் என்று மகிழ்ந்துவிடலாகாது. வெப்பத்தைப் பி.ரி.யு. என்னும் பழைய ஆங்கில அளவிலும், மின்சாரத்தை உவாற்று மணியிலும் அளப்பதால் வந்த வினை இது. எண்ணை 3.4ஆல் வகுத்தால் உண்மை தெரியும்: 2.2 மடங்கு. அதே ஆண்டில் சோதனை முறையும் கடுமையாக்கப்பட்டது. பழைய முறையில் 8.8 பெற்ற பம்பிதான் புதிய முறையில் ஏறக்குறைய 7.5 பெறுகின்றது. பழைய விளம்பரத்தையும் புதிய சீட்டையும் அருகருகே வைத்து ஒப்பிடுபவர் ஏமாறுவார்.

இதனினும் பெரிய இடர் ஒன்றுண்டு. இவ்வெண் ஒரு சராசரி. நடுத்தரக் குளிருள்ள பிரதேசம் ஒன்றை மாதிரியாகக் கொண்டு கணித்தது. மினசோற்றாவின் சனவரி இரவை அது அறியாது. குளிர் ஏற ஏற வீட்டின் தேவை கூடும். அதே வேளையில் பம்பியின் ஆற்றல் குறையும். பற்றாக்குறையைத் துணை மின்கணப்பு ஈடுசெய்யும். அதன் கணக்கோ ஒன்றுக்கு ஒன்றுதான். மாத முடிவில் வரும் மின்கட்டணம் அதைச் சொல்லும்.

ஆகவே குளிர்நாட்டில் வாங்குவோர், பூச்சியத்துக்குக் கீழே 15 பாகை சதம அளவில் இப்பம்பி எவ்வளவு வெப்பம் தரும் எனக் கேட்டறிதல் வேண்டும். 'எனர்ஜி ஸ்ரார்' முத்திரைத் திட்டத்தில், குளிர்ப்பிரதேசப் பம்பிகள் அக்குளிரிலும் 1.75 மடங்கு வெப்பம் தரவேண்டுமென 2023இல் நிபந்தனை வந்தது. மிதமான நாளில் தரும் வெப்பத்தில் 70 வீதமேனும் அப்போது தரவேண்டும் என்பதும் அதில் அடங்கும். இவ்விவரங்கள் உற்பத்தியாளரின் அட்டவணையில் இருக்கும். மஞ்சட் சீட்டின் பெரிய எண்ணை மட்டும் பார்ப்பவருக்கு அவை தெரியவரா.